நகோயாவிலிருந்து மகோமே – சுமாகோ ஒருநாள் நடை: கைடு வைத்துப் போவதா, நாமாகவே போவதா?

ஈரோட்டுக்காரி:
அக்டோபர் கடைசி வாரம் ஜப்பான் போகிறோம். நகோயாவில் இரண்டு இரவு தங்கல். அதில் ஒரு பகலை நகசெண்டோ பழைய சாலையில் மகோமேயிலிருந்து சுமாகோ வரை நடக்க வைத்திருக்கிறோம். கைடோடு கூட்டிப்போகும் ஒருநாள் டூர்கள் நிறைய இருக்கின்றன, ஆனால் விலையைப் பார்த்தால் தலை சுற்றுகிறது. நாங்கள் இருவர், பத்து வயதுப் பையன், 66 வயது மாமனார். மாமனார் தினமும் நடப்பவர்தான், ஆனால் இறக்கத்தில் வலது முழங்கால் பிடித்துக்கொள்ளும். எல்லோரும் சைவம், மீன் வாடையே ஆகாது. கைடு அவசியமா? அவசியம் என்றால் பணம் கட்டுவதற்கு முன் என்னென்ன கேட்க வேண்டும்? பெட்டிகளை என்ன செய்வது?

நடராஜா சர்வீஸ்:
முதலில் பாதையைச் சொல்லிவிடுகிறேன், மற்றதெல்லாம் அதிலிருந்துதான் வரும்.

எடோவின் (இன்றைய டோக்கியோ) நிஹோன்பாஷியிலிருந்து கியோட்டோவுக்கு மலைவழியாகப் போன சாலை நகசெண்டோ. ஏறக்குறைய 530 கி.மீ., வழியில் 69 சத்திர ஊர்கள். சுமாகோ 42ஆவது, மகோமே 43ஆவது. இரண்டுக்கும் நடுவே சுமார் 8 கி.மீ. சும்மா நடந்தால் இரண்டரை மணி நேரம். டீ குடித்து, படம் எடுத்து, பையனோடு போனால் மூன்றரை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நகோயாவிலிருந்து சூவோ லைனில் நகாட்சுகாவா வரை ரயில். ஷினானோ எக்ஸ்பிரஸில் 50 நிமிடம், ரேபிட் வண்டியில் ஒன்றேகால் மணி நேரத்துக்குச் சற்று மேல். அங்கிருந்து மகோமேக்கு பஸ் அரைமணி நேரம். நடந்து முடித்தபின் சுமாகோவிலிருந்து நாகிசோ ஸ்டேஷனுக்கு பஸ்ஸில் பத்து நிமிடம். பஸ் இல்லையென்றால் ஒரு மணி நேர நடை.

வழி தப்ப வாய்ப்பே குறைவு. ஒவ்வொரு திருப்பத்திலும் கம்பம் நட்டு ஜப்பானியத்திலும் ஆங்கிலத்திலும் எழுதியிருக்கும். ஆகவே வழி காட்டுவதற்காக மட்டும் கைடு வேண்டாம். தார்ச்சாலையைப் பழைய பாதை பல இடங்களில் குறுக்கே வெட்டிப் போகும். வளைவில் வரும் கார் கண்ணில் படாது. பையன் முன்னால் ஓடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

இந்த நாளைக் கெடுப்பது நடை அல்ல, திரும்பும் வண்டிதான். நாகிசோவில் ஷினானோ ஒரு நாளைக்குச் சில முறைதான் நிற்கும். சுமாகோ பஸ்ஸும் மணிக்கொன்று என்ற கணக்கில் வராது. அதனால் திட்டத்தைப் பின்னாலிருந்து போடுங்கள்: எந்த ரயில், அதற்கு எந்த பஸ், அப்படியானால் சுமாகோவில் எத்தனை மணிக்கு இருக்க வேண்டும், மகோமேயை எப்போது விட வேண்டும். ஷினானோவைத் தவறவிட்டால் பயப்பட வேண்டாம், லோக்கல் வண்டியில் நகாட்சுகாவா வந்து (சுமார் 20 நிமிடம்) ரேபிட்டுக்கு மாறலாம். ஆனால் லோக்கலும் அடிக்கடி இல்லை. அக்டோபர் கடைசியில் ஐந்து மணிக்குச் சூரியன் மறையும், பள்ளத்தாக்கில் அதற்கு முன்பே இருட்டிவிடும்.

பெட்டி: நகோயாவிலேயே இரண்டாம் இரவும் தங்குவதால் ஹோட்டலிலேயே விட்டுவிடுங்கள். வேறு ஊருக்குப் போகிறவர்களுக்கு மட்டும் சொல்கிறேன். மகோமே, சுமாகோ தகவல் மையங்களுக்கு இடையே பெட்டி அனுப்பும் வசதி உண்டு. காலை 11:30க்குள் கொடுத்தால் பகல் 1 மணிக்கு மேல் மறுமுனையில் எடுக்கலாம், பெட்டிக்கு 1000 யென் அளவில் ஆகும். குளிர்காலத்தில் இது கிடையாது.

கல்வெட்டுக்கண்:
வழி தெரிய கைடு வேண்டாம் என்பது சரி. ஆனால் அந்தப் பாதையில் பார்க்க வேண்டியவற்றில் பாதி, யாராவது சொன்னால்தான் கண்ணில் படும். ஒரு உதாரணம் மட்டும்.

மகோமே கணவாயைத் தாண்டி இறங்கினால் இச்சிகொகுதோச்சி என்ற இடத்தில் பழைய டீக்கடை வீடு ஒன்று இருக்கிறது. நடுவில் அடுப்பு எரியும், இலவசமாக டீ தருவார்கள். எல்லோரும் டீ குடித்து, படம் எடுத்து, போய்விடுவார்கள். அதன் பக்கத்தில்தான் மரக் கடத்தலைத் தடுக்கும் சோதனைச்சாவடி இருந்தது. கிசோ (இந்தப் பள்ளத்தாக்குப் பகுதியின் பெயர்) காடுகள் நகோயாவை ஆண்ட ஓவாரி பிரபுக்களுக்குச் சொந்தம். ஹினோகி (ஒரு வகை சைப்ரஸ்), சவாரா, அசுனாரோ, கோயாமகி, நெசுகோ ஆகிய ஐந்து மரங்களைச் சனங்கள் தொடக்கூடாது. ஹினோகி ஒன்றை வெட்டினால் ஒரு தலை போகும் என்று பேச்சே உண்டு. இதைத் தெரிந்துகொண்டு சுமாகோவின் துணைச் சத்திரமான ஒகுயாவுக்குள் போங்கள். 1877இல் முழுக்க ஹினோகியில் திரும்பக் கட்டிய வீடு. மேய்ஜி ஆட்சி வந்து தடை நீங்கியதும் ஊர்ப் பெரியவர் வீட்டுக்கு அந்த மரம் கிடைத்தது. டீக்கடையையும் இந்த வீட்டையும் சேர்த்துச் சொல்லத் தெரிந்த கைடுக்குக் கொடுக்கும் காசு வீண் இல்லை.

அதேபோல இரண்டு ஊரும் ஒன்றுபோல் தெரியும், ஆனால் ஒன்றல்ல. மகோமே 1895இலும் 1915இலும் தீயில் போனது, இப்போது நிற்பது பிறகு கட்டியது. சுமாகோ பிழைத்ததற்குக் காரணம் வறுமை. 1911இல் சூவோ லைன் முழுமையாக ஓடத் தொடங்கியது. ரயில் ஆற்றோரமாகப் போனதால் ஊர் ஒதுங்கிப்போனது, புதுக்கட்டடம் கட்டக் காசில்லை. ஊர்க்காரர்களே 1971இல் ‘விற்கமாட்டோம், வாடகைக்கு விடமாட்டோம், இடிக்கமாட்டோம்’ என்று முடிவெடுத்தார்கள். 1976இல் அரசுப் பாதுகாப்பும் வந்தது. கம்பி, கம்பம் எதுவும் தெருவில் தெரியாது, பகலில் கார் விடுவதில்லை. இரண்டு ஊரிலும் நுழைவில் பாதை சட்டென்று செங்கோணமாக மடியும். எதிரி நேராகப் பாய முடியாதபடி அமைத்தது. பெரும்பாலானோர் அங்கே தண்ணீர்ச் சக்கரத்தைப் படம் எடுப்பதோடு சரி.

பணம் கட்டுவதற்கு முன் கேட்க வேண்டியவை:

கைடு நடந்து வருகிறாரா, அல்லது ஒரு முனையில் இறக்கிவிட்டு மறுமுனையில் வேனோடு காத்திருக்கிறாரா? ‘நடைப் பயணம்’ என்று விற்கும் சிலவற்றில் நடை கணவாய்க்குக் கீழே இரண்டு கிலோமீட்டர்தான். எத்தனை கி.மீ., எங்கிருந்து எங்கே என்று எழுத்தில் வாங்குங்கள்.

அதிகபட்சம் எத்தனை பேர்? எட்டைத் தாண்டினால் ஒடுங்கிய பாதையில் பின்னால் வருபவருக்குக் கைடு பேசுவது கேட்காது.

ரயில், பஸ், ஒகுயா நுழைவுச் சீட்டு, சாப்பாடு எல்லாம் விலையில் சேர்ந்தவையா? பல டூர்களில் ரயில் தனி.

கைடு தேசிய உரிமம் பெற்றவரா? 2018 ஜனவரி முதல் உரிமம் இல்லாதவர்களும் கூலிக்குக் கைடு வேலை செய்யலாம் என்று சட்டம் மாறிவிட்டது. உரிமம் இல்லாத நல்லவர்களும் உண்டு, அது தவறல்ல. ஆனால் கேட்டால் நேராகப் பதில் வர வேண்டும்.

கூடுமிடம் எது? நகோயா ஸ்டேஷனில் தங்கக் கடிகாரம் சகுராதோரி பக்கம், வெள்ளிக் கடிகாரம் ஷிங்கான்சென் பக்கம். இரண்டையும் குழப்பிக்கொண்டு ரயிலை விடுகிறவர்கள் ஏராளம்.

தயிர்சாதம்:
சாப்பாட்டு விஷயத்தை லேசாக எடுக்காதீர்கள். டூர் படிவத்தில் ‘வெஜிடேரியன்’ என்று டிக் அடித்தால் மட்டும் போதாது. அங்கே அதற்கு மாமிசத் துண்டு இல்லை என்று பொருள், மீன் சாறு அந்தக் கணக்கிலேயே வராது.

கிசோ சோபாவுக்கு (பக்வீட் மாவில் செய்யும் நூடுல்ஸ்) பேர்போன இடம். மாவில் குற்றமில்லை. தொட்டுக்கொள்ளும் கருப்புச் சாற்றில்தான் காய்ந்த போனிட்டோ மீன் இருக்கிறது. சூடான சோபா அந்தச் சாற்றிலேயே மிதக்கும். காய்கறி டெம்புரா (பஜ்ஜி மாதிரி) கேட்டாலும் தொட்டுக்கொள்ள அதுவேதான் வரும். மிசோ (புளிக்கவைத்த சோயா விழுது) சூப்பும் அப்படியே. முன்பதிவின்போதே ‘மீன் துண்டு மட்டுமல்ல, மீன் சாறும் மீன் பொடியும் கூடாது’ என்று எழுதுங்கள், அதையே ஜப்பானியத்தில் அட்டையாகவும் கையில் வைத்திருங்கள். சோபாவை உப்பும் வாசாபியும் வைத்துச் சாப்பிடலாம், கேட்டால் கொடுக்கும் கடைகள் உண்டு.

நம்பிச் சாப்பிடக்கூடியது: கோஹேய் மோச்சி. சோற்றைப் பாதி மசித்து, குச்சியில் பிடித்து, வால்நட், எள், சோயா அல்லது மிசோ கலவை தடவிச் சுடுவது. சில கடைகளில் கலவையில் தாஷி (அந்த மீன் சாறு) சேர்ப்பார்கள், ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். அக்டோபரில் நகாட்சுகாவாவின் குரிகின்டோன் கிடைக்கும். செஸ்ட்நட்டும் சர்க்கரையும் மட்டும், வேறெதுவும் இல்லை. ஓயாகியில் (பூரணம் வைத்த மாவுப் பலகாரம்) உள்ளே வைக்கும் ஊறுகாய்க் கீரையில் தாஷி இருக்கலாம்.

காலையில் நகோயா கன்வீனியன்ஸ் ஸ்டோரில் வெறும் உப்பு ஓனிகிரி (சோற்று உருண்டை) வாங்குங்கள். புளிப்புப் பிளம் வைத்ததிலும் மீன் தூள் சேர்ப்பதுண்டு, பொட்டலத்தைப் படிக்காமல் எடுக்காதீர்கள். சுமாகோவில் பல சாப்பாட்டுக் கடைகள் மூன்று மணிக்கே மூடிவிடும். பாதையில் குப்பைத்தொட்டி இருக்காது, ஒரு பை கொண்டுபோங்கள். ரொக்கம் நகோயாவிலேயே எடுத்துவிடுங்கள்.

ஈரோட்டுக்காரி:
மூவருக்கும் நன்றி. முழங்கால் கேள்வி மட்டும் நிற்கிறது. மகோமேயிலிருந்து தொடங்குவதுதான் ‘சுலபம்’ என்று எல்லா இடத்திலும் எழுதியிருக்கிறதே, மாமனாருக்கு அதுவே சரியா? மழை வந்தால்?

நடராஜா சர்வீஸ்:
அந்தச் ‘சுலபம்’ மூச்சு வாங்குகிறவர்களுக்கானது. மகோமே சுமார் 600 மீ. உயரம், கணவாய் 790, சுமாகோ 420. மகோமேயிலிருந்து போனால் ஏற்றம் 200 மீட்டருக்குள், இறக்கம் 370. அந்த இறக்கம் முழுவதும் ஒரு முழங்காலில்தான் விழும். உங்கள் மாமனாருக்குத் திருப்பிப் போவதே நல்லது. சுமாகோவில் தொடங்கி மெதுவாக ஏறி, கணவாயிலிருந்து மகோமேக்கு 200 மீ. மட்டும் இறங்குங்கள். கூடுதலாக ஒரு லாபம்: மகோமேயிலிருந்து நகாட்சுகாவாவுக்கு பஸ் அதிகம், அங்கே ரயிலும் அதிகம். திரும்பும் வண்டித் தலைவலி பாதி தீர்ந்தது.

கணவாயில் பஸ் நிறுத்தம் இருக்கிறது. ‘வயதானவர்கள் அங்கே வரை பஸ்ஸில் போய்விடலாம்’ என்று சொல்வார்கள். மகோமேயிலிருந்து அப்படிச் செய்தால் ஏற்றத்தை விட்டுவிட்டு இறக்கத்தை முழுசாக வாங்கிக்கொள்வீர்கள். அதே நிறுத்தத்தைத் தலைகீழாகப் பயன்படுத்துங்கள். சுமாகோவிலிருந்து ஏறி வந்து கால் பிடித்தால் அங்கே பஸ்ஸில் ஏறி மகோமே போய்விடலாம். ஒரு நாளைக்குச் சில பஸ்தான், நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். மகோமே தெருவே கல் பாவிய சரிவு, பஸ் நிறுத்தம் அடியில். கடைசி அரை கிலோமீட்டரில்தான் முழங்கால் கத்தும். நடைக்கம்பு இரண்டு, முனையில் ரப்பர் மூடியோடு.

கல்வெட்டுக்கண்:
குழு டூர்கள் அநேகமாக எல்லாமே மகோமேயிலிருந்துதான் தொடங்கும், உங்களுக்காகத் திருப்பமாட்டார்கள். திருப்பிப் போவதென்றால் தனிக் கைடு, இல்லையென்றால் நீங்களே. நான்கு பேருக்குத் தனிக் கைடின் நாள்கூலியையும் குழு டூரில் நான்கு தலைக்கான விலையையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வித்தியாசம் பல நேரம் நினைப்பதைவிடக் குறைவு.

மழைக்கு டூரை ரத்து செய்யமாட்டார்கள். புயலால் ரயில் நின்றால்தான். ரத்து விதியில் ‘மழை’ என்று தனியாக இருக்கிறதா பாருங்கள். ஈரத்தில் கல்லைவிட ஆபத்து கல்மேல் கிடக்கும் இலை. அடிப்பகுதி தேய்ந்த ஷூ வேண்டாம், மலையேறும் பூட்ஸும் தேவையில்லை.

வழியில் தொங்கும் மணிகள் கரடிக்காக. பையனை ஒவ்வொன்றையும் பலமாக அடிக்கச் சொல்லுங்கள், அலங்காரம் அல்ல. இலையுதிர் காலத்தில் கரடிகள் கொட்டை தேடி இறங்கி வரும். புறப்படும் ஊரின் தகவல் மையத்தில் அன்றைய எச்சரிக்கை ஒட்டியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு நடையைத் தொடங்குங்கள்.

மெட்ராஸ் மெயில்:
இதே கேள்வியோடு டோக்கியோவில் மட்டும் தங்குகிறவர்கள் இங்கே வந்தால்: நகோயா போய்த் திரும்பி ஒரே நாளில் இதைச் செய்யாதீர்கள், நாளில் பாதி ரயிலில் போகும். ஹகோனேயில் பழைய தொக்காய்டோ (எடோவுக்கும் கியோட்டோவுக்கும் இடையே கடலோரமாகப் போன) சாலை இருக்கிறது. ஹகோனே யுமோத்தோவிலிருந்து பஸ்ஸில் ஹதாஜுகு இறங்கி, ஏரிக்கரை ஊரான மோத்தோ ஹகோனே வரை ஏற்றமாக இரண்டு, இரண்டரை மணி நேரம். 1680இல் ஷோகுன் (அப்போதைய ராணுவ ஆட்சியாளர்) அரசு கல் பாவிய பாதை. அதற்கு முன் சேற்றில் மூங்கில் வெட்டிப் போட்டு நடந்தார்கள். கற்கள் உருண்டை, பாசி பிடித்தவை, மகோமே பாதையைவிட மோசம். முழங்கால் தகராறு உள்ளவர்கள் அமசாகே டீக்கடை நிறுத்தத்தில் இறங்கி, அங்கிருந்து ஏரி வரை மட்டும் நடக்கலாம், சுமார் 40 நிமிடம். அந்த அமசாகே பானம் அரிசியும் கோஜியும் (நொதிக்க வைக்கும் பூஞ்சை) சேர்த்துச் செய்வது. சர்க்கரையும் இல்லை, போதையும் இல்லை, சைவத்துக்குப் பழுதில்லை.