புதுப்பிப்பு: படை மாறும் தம்பியின் பழைய பணிக்காலம்

மத்திய ஆயுதக் காவல் படையொன்றில் காவலராக இருந்த என் தம்பி, மற்றொரு மத்தியப் படையில் உதவி ஆய்வாளராகத் தேர்வானபோது, முந்தைய பணிக்காலம் கணக்கில் சேருமா என்று இங்கே கேட்டிருந்தேன். சேரும். துறைவழியாக விண்ணப்பித்து, உரிய அனுமதியுடன் புதிய பணியில் சேர்வதற்காகவே விலகுவதாகக் கடிதத்தில் குறிப்பிட்டால், அது ‘டெக்னிக்கல் ரெசிக்னேஷன்’ ஆக, அதாவது பழைய பணிக்காலத்தை இழக்காத விலகலாகக் கருதப்படும். 1972ஆம் ஆண்டு மத்திய ஓய்வூதிய விதிகளின் 26(2)ஆம் பிரிவிலேயே இப்பாதுகாப்பு இருந்தது. 2021ஆம் ஆண்டு விதிகளிலும் அது தொடர்கிறது.

ஈட்டிய விடுப்பும் பணிப்பதிவேடும் உடன் செல்லும். 2004 ஜனவரி 1 முதல் சேர்ந்தவர்களின் தேசிய ஓய்வூதியக் கணக்கு எண்ணும் மாறாது. பணிமூப்பு மட்டும் புதிய பதவியிலிருந்தே தொடங்கும், அதில் எனக்கு வருத்தமே. விலகல் ஏற்பு ஆணையில், புதிய பணியில் சேர்வதற்காகவே விலகல் என்ற காரணம் எழுதப்பட்டிருக்கிறதா என்பதைப் பணிவிடுவிப்புக்கு முன்பே தயவுசெய்து சரிபாருங்கள்.