மத்திய அரசு வேலையில் இருந்த அப்பா இறந்துவிட்டார்: வாரிசு வேலைக்கு யார் விண்ணப்பிப்பது?

கெடிலக்கரை:
வணக்கம். அப்பா மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் எம்.டி.எஸ். (பல்பணி ஊழியர்). போன தை மாதம் மாரடைப்பில் தவறிவிட்டார். ரிட்டயர் ஆக இன்னும் ஒன்பது வருடம் இருந்தது. அம்மாவுக்கு 44 வயது, எட்டாவது வரை படித்தவர். தம்பிக்கு 16, பதினொன்றாவது படிக்கிறான். நான் பி.காம்., கல்யாணம் ஆகிவிட்டது, கணவர் தனியார் கம்பெனியில் இருக்கிறார். அலுவலகத்தில் கேட்டால், "அம்மா பத்தாவது பாஸ் இல்லை, நீ கல்யாணம் ஆனவள், தம்பிக்குப் பதினெட்டு ஆகட்டும், அப்புறம் பார்ப்போம்" என்று அனுப்பிவிட்டார்கள். மூன்று வருடம் தாண்டினால் கேட்கவே முடியாது என்கிறார் மாமா. எதை நம்புவது?

தாலுகா ஆபீஸ்:
மாமா சொல்வது மாநில அரசு விதி. தமிழ்நாடு அரசு ஊழியர் என்றால் இறந்த தேதியிலிருந்து மூன்று வருடத்துக்குள் விண்ணப்பம் போயாக வேண்டும். மத்திய அரசு விதி தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழைய எஸ்டாப்ளிஷ்மென்ட்:
மத்திய அரசிலும் முன்பு அந்த மூன்று வருட வரம்பு இருந்தது. 2012 ஜூலையில் மத்தியப் பணியாளர், பயிற்சித் துறை அதை எடுத்துவிட்டது. வரம்பு இல்லை என்பதற்காகத் தள்ளிப்போட வேண்டாம் அம்மா. நாளாக ஆக, "இத்தனை வருடம் குடும்பம் ஓடிவிட்டதே" என்ற கேள்வி வரும். தம்பிக்காக இடம் பிடித்து வைக்கவும் வழி இல்லை. தந்தை இறந்தபோது ஏழு வயதாக இருந்த மகன் பிற்பாடு கேட்ட வழக்கை உச்ச நீதிமன்றம் 2024இல் ஏற்கவில்லை.

கல்யாணமான மகள் கேட்கக்கூடாது என்று விதி இல்லை. ஆனால் இறக்கும்போது நீங்கள் அப்பாவை மட்டுமே நம்பி இருந்திருக்க வேண்டும், வேலை கிடைத்தால் அம்மாவையும் தம்பியையும் காப்பாற்ற வேண்டும். கணவர் சம்பாதிக்கும்போது முதல் நிபந்தனையே இடிக்கிறது.

நான் உங்கள் இடத்தில் இருந்தால் அம்மா பெயரில்தான் போடுவேன். கணவரை இழந்த பெண்ணை எம்.டி.எஸ். பணியில் எடுக்கும்போது படிப்புத் தகுதியை வற்புறுத்தாமலே நேரடியாக நியமிக்கலாம். வேலையைப் பழக்கிச் செய்ய வைக்க முடியும் என்று நியமன அதிகாரி திருப்திப்பட்டால் போதும். அதிகபட்ச வயதிலும் தளர்வு உண்டு. பத்தாவது இல்லை என்று வாயால் சொல்லித் திருப்பி அனுப்பியது மிகப் பெரிய தவறு.

கெடிலக்கரை:
ஐயா, இதை யாருமே சொல்லவில்லை. அம்மா பெயரில் போட்டுவிட்டு, தம்பிக்குப் பதினெட்டு ஆனதும் அவனுக்கு மாற்ற முடியுமா?

பழைய எஸ்டாப்ளிஷ்மென்ட்:
அம்மா வேலையில் சேர்ந்துவிட்டால் அதோடு முடிந்தது. இந்த வழியில் வேறு பதவி கேட்கவோ, தம்பிக்கு மாற்றவோ முடியாது. அதனால் வீட்டில் உட்கார்ந்து பேசி முடிவெடுங்கள். தம்பி மேலே படிக்க ஆசைப்படுகிறான் என்றால், அவன் தலையில் இந்தச் சுமையை இப்போதே ஏற்ற வேண்டாம்.

இன்னொன்றும் தெரிந்திருக்கட்டும். நேரடி நியமனத்துக்கான குரூப் சி (எம்.டி.எஸ்., கிளார்க் போன்ற பணிகள்) காலியிடங்களில் 5 சதவீதம்தான் இதற்கு. பல துறைகளில் குடும்ப ஓய்வூதியம், கைக்கு வந்த பணம், சொந்த வீடு, படிக்கும் பிள்ளைகள், அப்பாவுக்கு மீதியிருந்த சர்வீஸ் எல்லாவற்றுக்கும் மதிப்பெண் போட்டு வரிசைப்படுத்துகிறார்கள். வீட்டு வாடகை, தம்பியின் படிப்புச் செலவு, கடன் எதையும் கூச்சப்பட்டு மறைக்க வேண்டாம்.

தாலுகா ஆபீஸ்:
வாரிசுச் சான்றிதழுக்கு இ-சேவை மையத்தில் இப்போதே போட்டுவிடுங்கள். வி.ஏ.ஓ., ஆர்.ஐ. விசாரணை முடிந்து தாசில்தார் தர நாளாகும். இறப்புச் சான்றிதழ், பள்ளிச் சான்றிதழ், ஆதார் மூன்றிலும் அப்பா பெயர், இனிஷியல் ஒரே மாதிரி இருக்கிறதா பாருங்கள். பாதிப் பேருக்கு அங்கேதான் தடங்கல். விண்ணப்பத்தைப் பதிவுத் தபாலில் அனுப்பி, ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். "ஆள் இருக்கிறார், பணம் கொடுத்தால் ஆகிவிடும்" என்று வருபவரை வாசலோடு அனுப்பிவிடுங்கள்.

கெடிலக்கரை:
அம்மாவிடம் பேசிவிட்டேன், முதலில் பயந்தார், இப்போது சரி என்கிறார். அப்பா பெயர் இறப்புச் சான்றிதழில் இனிஷியல் இல்லாமல் இருக்கிறது. நாளைக்கு நகராட்சிக்குப் போகிறேன்.