ஆப்பிரிக்கா யூத் கப் ஜெயிக்கிற பசங்க எல்லாம் வயசு குறைச்சு ஆடறவங்கதானா? தெரிஞ்சவங்க சொல்லுங்க

கொழிஞ்சாம்பாறை கோலி:

எல்லாத்துக்கும் வணக்கமுங்க. நாங்க கொழிஞ்சாம்பாறை பக்கத்துல சாயங்காலம் பசங்களுக்கு பந்து சொல்லிக்குடுக்கற சின்ன கிளப்புங்க, எட்டாவதுல இருந்து பிளஸ் டூ வரைக்கும் பசங்க வர்றாங்க, பாதிப்பேரு தமிழ் மீடியம், மீதி மலையாளம் மீடியம். 2025 அக்டோபர்ல சிலியில நடந்த அண்டர் 20 வேர்ல்ட் கப் ஃபைனல்ல மொராக்கோ அர்ஜென்டினாவ 2-0ன்னு அடிச்சதுல இருந்து எங்க பசங்க எல்லாரும் சபிரி சபிரின்னு ஒரே பேச்சு, ரெண்டு கோலும் அவந்தான் போட்டான்ல. எனக்கும் ரொம்ப சந்தோசம்ங்க, இவ்வளவு நாளு இவீங்களுக்கு மெஸ்ஸி, ரொனால்டோ விட்டா வேற பேரே தெரியாது.

போன வாரம் கிரவுண்டுக்கு வந்த ஒரு பையனோட அப்பா எல்லா பசங்க முன்னாடியும் சொல்லிப்போட்டாருங்க, "ஆப்பிரிக்காக்காரன் பதினேழு வயசு டீம்ல இருவத்தஞ்சு வயசு ஆளத்தான் எறக்குவான், அதான் ஜெயிக்கறான், பெரியவங்க கப்புல ஏன் ஜெயிக்க முடியலை"ன்னு. பசங்க மொகமே சுருங்கிப்போச்சு. எனக்கு பதில் சொல்லணும்னு இருந்துச்சு ஆனா முழுசா விவரம் தெரியாம வாய் விடக்கூடாதுன்னு இருந்துட்டேன்.

அதனால கேக்கறேன். இந்த ஆப்பிரிக்கா யூத் டோர்னமெண்ட் எப்படி நடக்குது, வேர்ல்ட் கப்புக்கு அதுல இருந்து எப்படி போறாங்க? வயச எப்படி செக் பண்றாங்க? சின்ன வயசுல கலக்கறவங்க பெரிய டீம்ல என்ன ஆகறாங்க? ஞாயித்துக்கெழம பசங்கள உக்கார வெச்சு பேசலாம்னு இருக்கேன்.

---

நீரோடி விங்கர்:

தம்பி நல்ல கேள்வி கேட்டிய. நான் கன்னியாகுமரி ஜில்லா நீரோடி, கேரளா பார்டர்ல கடைசி கடக்கரை, அந்தப்பக்கம் போனா பொழியூரு. ரெண்டு பக்கமும் பந்து கால்ல படாத பிள்ளையே கெடையாது, அதனால இந்த சின்னப்பிள்ளைய டோர்னமெண்டு எல்லாம் நான் விடாம பாக்குதேன்.

முதல்ல ரெண்டு கப்பு இருக்குன்னு பசங்களுக்கு சொல்லிருங்க, ஒண்ணு அண்டர் 20, இன்னொண்ணு அண்டர் 17. ரெண்டையும் நடத்துறது சிஏஎஃப், அதாவது ஆப்பிரிக்க கால்பந்து கூட்டமைப்பு. அண்டர் 20 1979ல தொடங்கிச்சு, அப்பம் ஒரு ஊர்ல எல்லாரும் கூடி ஆடுறது கெடையாது, உன் ஊர்ல ஒண்ணு என் ஊர்ல ஒண்ணுன்னுதான் ஃபைனல் வரைக்கும். 1991ல எகிப்துலதான் முதல்ல எல்லா டீமும் ஒரே நாட்டுல கூடி ஆடிச்சு, எகிப்தே ஜெயிச்சுது. அண்டர் 17 கப்பு 1995ல மாலியில தொடங்கிச்சு, முதல் கப்பு கானாவுக்கு.

உள்ள வரணும்னா முதல்ல வட்டார அளவுல ஆடணும். மேற்கு ஆப்பிரிக்காவ ரெண்டா பிரிச்சிருக்கான், கிழக்கு, தெற்கு, வடக்கு, நடுன்னு தனித்தனியா ஆடி அதுல ஜெயிக்கிறவன்தான் மெயின் கப்புக்கு வருவான். அண்டர் 20ல செமிஃபைனல் வந்துட்டா போதும், நாலு பேருக்கும் வேர்ல்ட் கப் டிக்கெட்டு. அண்டர் 17ல இப்பம் நல்லா பெருசாக்கிட்டான், 2025ல மொராக்கோவுல 16 டீம் ஆடிச்சு, அதுல 10 டீம் கத்தார் வேர்ல்ட் கப்புக்கு போச்சு, ஏன்னா அந்த வேர்ல்ட் கப்பே 48 டீமா ஆயிருச்சு, வருசா வருசம் வேற நடத்துதான்.

இப்பம் எனக்கு ரொம்ப பிடிச்ச விசயம் ஒண்ணு சொல்லுதேன். ஆப்பிரிக்காவுல ஜெயிக்கிறதுதான் வேர்ல்ட் கப்ப விட கஷ்டம்ணு நான் நெனைக்கியேன். பாருங்க, 2013ல அண்டர் 17 ஆப்பிரிக்கா ஃபைனல்ல நைஜீரியா ஐவரி கோஸ்ட்ட பெனால்டியில தோத்தான், அதே வருசம் வேர்ல்ட் கப்ப தூக்கிட்டான், அதுல சிறந்த ஆட்டக்காரனுக்கு குடுக்குற கோல்டன் பால் வாங்கினது இஹியனாச்சோ. 2015ல இன்னும் மோசம், நைஜர்ல நடந்த ஆப்பிரிக்கா கப்புல நைஜீரியாவுக்கு நாலாவது எடம்தான், சாம்பியன் மாலி. அதே நாலாவது டீமு சிலிக்கு போயி வேர்ல்ட் கப் ஃபைனல்ல அதே மாலிய 2-0 அடிச்சான், ஒசிம்ஹென் அந்த டோர்னமெண்ட்ல மட்டும் 10 கோலு. உங்க மொராக்கோ கதையும் அதுதான், 2025 மே மாசம் கெய்ரோவுல அண்டர் 20 ஃபைனல்ல தென்னாப்பிரிக்காட்ட 1-0 தோத்தவன்தான் அக்டோபர்ல உலக சாம்பியன் ஆனான். ஊர்ல ரெண்டாவது வந்தவன் உலகத்துல ஒண்ணாவது வாரான்னா அங்க போட்டி எவ்வளவு கடுமையா இருக்கும்ணு பிள்ளையகிட்ட சொல்லுங்க.

---

வண்டிப்பெரியாறு ஸ்கேன் ரூம்:

வயசு விஷயத்துக்கு மட்டும் நான் பதில் சொல்றேன், இடுக்கியில ஸ்கேன் சென்டர்ல வேலை பாக்கறேன், அதனால இது என் ஏரியா.

அண்டர் 17க்கு மணிக்கட்டை எம்ஆர்ஐ எடுப்பாங்க. முன்கை எலும்பு மணிக்கட்டுல முடியற இடத்துல வளர்ச்சித் தட்டுன்னு ஒரு குருத்தெலும்பு இருக்கும், வளர்ற வயசுல அது தனியா தெரியும், வளர்ச்சி முடிய முடிய எலும்போட ஒட்டி கோடே இல்லாம போயிடும். அதை ஆறு நிலையா பிரிச்சிருக்காங்க, ஆறாவது நிலைன்னா முழுசா ஒட்டிடுச்சுன்னு அர்த்தம். பதினேழு முடியறதுக்கு முன்னாடி ஒரு பையனுக்கு முழுசா ஒட்டறது ரொம்ப ரொம்ப அபூர்வம், அதனால ஆறாவது நிலை வந்தா அந்த டோர்னமெண்ட்ல ஆட முடியாது. எக்ஸ்ரே மாதிரி கதிர்வீச்சு கிடையாது, அதான் நல்லா இருக்கிற பசங்களுக்கு எம்ஆர்ஐ. ஃபிஃபா 2009ல நைஜீரியாவுல நடந்த அண்டர் 17 வேர்ல்ட் கப்புல இருந்து இதை கொண்டுவந்தாங்க.

ஒண்ணு கவனிங்க, இந்த டெஸ்ட் ஒரு பக்கமாத்தான் வேலை செய்யும். ஃபெயில் ஆனா வயசு கூடன்னு கிட்டத்தட்ட உறுதியா சொல்லலாம், பாஸ் ஆனா பதினேழுக்குள்ளன்னு உறுதி கிடையாது, சில பசங்களுக்கு பதினெட்டு பத்தொன்பதுலயும் ஒட்டாம இருக்கும். அண்டர் 20க்கு இதை வெச்சு ஒண்ணும் பண்ண முடியாது, அந்த வயசுல நியாயமா ஆடறவனுக்கே ஒட்டியிருக்கும். அங்க பாஸ்போர்ட், பிறப்புச் சான்றிதழ், பழைய டோர்னமெண்ட்ல குடுத்த விவரம் இதெல்லாம் ஒத்துப்போகுதான்னுதான் பாக்கணும்.

இன்னொண்ணு, இதை ஆப்பிரிக்கா வியாதி மாதிரி பேசறதுதான் எனக்கு தாங்கல. நம்ம இந்திய ஃபெடரேஷனே அகாடமி பசங்களுக்கு கைய எக்ஸ்ரே எடுத்து எலும்பு வயசு பாக்குது, எதுக்கு பாக்குது? இங்கயும் தேவைப்படுது, அதான். எங்க எஸ்டேட் லயத்துல அப்பா தாத்தா காலத்து ஆளுங்கள்ல பாதி பேருக்கு சர்டிபிகேட்ல பிறந்த தேதி மே மாசம்தான், ஸ்கூல்ல சேக்கும்போது வாத்தியார் போட்டது. வீட்டுல பிரசவம் நடந்து பதிவே பண்ணாத ஊர்ல பொறந்த பையனுக்கு அவன் சரியான தேதி அவனுக்கே தெரியாம இருக்கலாம். வேணும்னே மாத்தற ஏஜெண்ட் இருக்கான், தெரியாம மாறிப்போன பையனும் இருக்கான், ரெண்டையும் ஒண்ணா போட்டு திட்டக்கூடாது.

---

வாளையார் லோகு:

நீங்க சொல்றது சரிங்க, ஆனா அந்த அப்பா சொன்னதுல உண்மையே இல்லன்னு பசங்ககிட்ட சொன்னா அதுவும் தப்பாயிடும். 2023 ஜனவரில கேமரூன் அண்டர் 17 டீமுக்கு டெஸ்ட் எடுத்தப்ப 30 பேர்ல 21 பேர் ஃபெயிலுங்க. 2016ல நைஜீரியாவுலயும் இருவது பேருக்கு மேல வெளிய போனாங்க. இதெல்லாம் பேப்பர்ல வந்த செய்தி, மறைக்க முடியாது. வயசு கூட இருக்கறவன் ஒருத்தன் உள்ள வந்தா சரியான வயசுல இருக்கற ஒரு பையன் வெளிய போறான், அவன் எந்த நாட்டுக்காரனா இருந்தாலும் எனக்கு அவனை நெனச்சாத்தான் வயிறு எரியுது.

---

வண்டிப்பெரியாறு ஸ்கேன் ரூம்:

லோகு அண்ணா, அந்த கேமரூன் செய்திய முழுசா சொல்லுங்க. டெஸ்ட் எடுக்கச் சொன்னது வெளியாளு இல்ல, அவங்க ஃபெடரேஷன் தலைவர் சாமுவேல் எட்டோவேதான், அந்த 21 பேரையும் தூக்கிட்டு புது பசங்கள வெச்சு ஆடினாங்க. அந்த புது டீம் தகுதிச்சுற்றை தாண்டி அல்ஜீரியாவுல நடந்த மெயின் கப்புக்கும் போச்சு. அப்போ சரியான வயசுல திறமையான பசங்க அந்த ஊர்ல இருந்திருக்காங்க, யாரும் தேடலை, அவ்ளோதான். பசங்ககிட்ட இந்த ரெண்டு பாதியையும் சேத்து சொல்லுங்க.

---

பாலக்காடு கேலரி:

2017ல அண்டர் 17 வேர்ல்ட் கப் இந்தியாவுல நடந்தப்ப நானும் கூட்டாளிகளும் ரயிலேறி கொச்சிக்கு போனோம், கலூர் ஸ்டேடியம், எல்லாரும் பிரேசில் ஸ்பெயின் பாக்கத்தான் வந்திருந்தாங்க, நாங்களும் அதுக்குத்தான் டிக்கெட் எடுத்தோம், ஆனா எனக்கு இன்னிக்கும் மனசுல நிக்கிறது நைஜர் பசங்கதான். நைஜீரியா இல்லைங்க நைஜர், வேற நாடு, சஹாரா பாலைவனத்த ஒட்டி இருக்கு. அவங்க அந்த வருஷம் தகுதிச்சுற்றுல நைஜீரியாவையே வெளிய அனுப்பிட்டு வந்தவங்க, முதல் தடவையா வேர்ல்ட் கப்புக்கு வந்தாங்க. வட கொரியாவ 1-0ன்னு கொச்சியிலதான் ஜெயிச்சாங்க, விசில் அடிச்சதும் அந்த பசங்க ஓடின ஓட்டம் பாக்கணுமே, ஸ்டேடியத்துல பாதிக்கு மேல சீட்டு காலி ஆனா இருந்தவங்க எல்லாரும் எந்திரிச்சு கைதட்டினோம். அப்புறம் ஸ்பெயின்கிட்ட 4-0, கோவாவுல பிரேசில்கிட்ட 2-0 தோத்தாங்க, இருந்தாலும் அந்த ஒரு வெற்றி வெச்சே அடுத்த ரவுண்டுக்கு போனாங்க, அங்க கானா நிறுத்திடுச்சு. கானாவ மாலி நிறுத்துச்சு. மாலி செமிஃபைனல்ல ஸ்பெயின்கிட்ட 3-1 தோத்து நாலாவது வந்தாங்க, லசானா என்டியாயே மட்டும் ஆறு கோல்.

இந்த மாலி, கானா, நைஜர், அப்புறம் இந்தியாவுக்கு வந்திருந்த கினி, நாலு பேருமே அந்த வருஷம் கபோன்ல நடந்த ஆப்பிரிக்கா கப் செமிஃபைனல் வந்த டீம்தான், அங்கயும் சாம்பியன் மாலிதான். உங்க பசங்ககிட்ட சொல்லுங்க, அந்த ஆட்டம் வேற எங்கயோ நடக்கலை, நம்ம ஊர்ல இருந்து ரயில்ல நாலு மணிநேரத்துக்குள்ள போற எடத்துல நடந்துச்சுன்னு.

---

கொழிஞ்சாம்பாறை கோலி:

இவ்வளவு பேரு எழுதுவீங்கன்னு நெனைக்கலைங்க, ரொம்ப நன்றி. லோகு சொன்னதையும் கண்டிப்பா சொல்லறேன், மறைக்க மாட்டேன். மூணாவது கேள்வி மட்டும் பாக்கி, பெரிய டீம்ல இவீங்க என்ன ஆகறாங்க?

---

நீரோடி விங்கர்:

அதுக்கும் நானே வாறேன். 2009ல எகிப்துல நடந்த அண்டர் 20 வேர்ல்ட் கப்ப கானா ஜெயிச்சான், ஆப்பிரிக்காவுக்கே அதுல முதல் கப்பு. ஃபைனல்ல பிரேசிலு, கானாவுக்கு சிவப்பு அட்டை விழுந்து ரொம்ப நேரம் பத்து பேர வெச்சு ஆடி, கோலே விடாம இழுத்து பெனால்டியில ஜெயிச்சானுவ. கேப்டன் ஆந்த்ரே அயூ, கோல்டன் பால், அதிக கோல் அடிச்சவனுக்கு குடுக்குற கோல்டன் ஷூ ரெண்டும் டொமினிக் அடியா. அந்த டீம்ல பல பேரு அடுத்த வருசமே, 2010 வேர்ல்ட் கப்புல பெரியவங்க டீம்ல இருந்தானுவ. உருகுவேகூட குவாட்டர் ஃபைனல் ஞாபகம் இருக்கா, கடைசி நிமிசத்துல சுவாரஸ் கைய வெச்சு தடுத்த பந்து, அந்த ஹெட்டர் அடிச்சது இதே அடியாதான். அது உள்ள போயிருந்தா ஆப்பிரிக்காவுல இருந்து முதல் செமிஃபைனலிஸ்ட் கானா. சின்னதுல கலக்கி பெருசுல காணாம போனாம்ணு சொல்லுதவங்க இந்த மேட்ச்ச ஒருக்கா பாக்கணும்.

அதே அடியாவுக்கு இத்தாலியில பெரிய கிளப்பான ஏசி மிலான் வரைக்கும் போயும் அங்க ஒரு லீக் மேட்ச் கூட ஆடக் கெடைக்கல, அப்புறம் பல நாடு சுத்தி தாய்லாந்துல ஆடினான். அயூ கானாவுக்கு பதினஞ்சு வருசத்துக்கும் மேல ஆடினான். ஒரே டீமு, ஒரே கப்பு, ரெண்டு பேருக்கு ரெண்டு பாதை. பதினெட்டு வயசுல குளிர் நாட்டுக்கு போயி பெஞ்சுல உக்காருறதுதான் நெறைய பேரை முடிச்சுப்போடுது, இதுல வயசு மட்டும் காரணம் கெடையாது.

இப்பம் மாறிக்கிட்டு வருது. செனகல பாருங்க, 2022 பிப்ரவரில பெரியவங்க ஆப்பிரிக்கா கப்பு, 2023 பிப்ரவரில உள்ளூர் லீக் ஆட்டக்காரங்க மட்டும் ஆடுற சான் கப்பு, மார்ச்சுல அண்டர் 20, மே மாசம் அண்டர் 17. எல்லாம் செனகலு. அது சும்மா வரல, டாக்கர் பக்கத்துல ஜெனரேஷன் ஃபுட், சாலியில டியாம்பார்ஸ்ணு அகாடமிய இருவது வருசத்துக்கு மேல நடத்துதான், மானே, இஸ்மாயிலா சார் எல்லாம் அந்த ஜெனரேஷன் ஃபுட்டுல இருந்து வந்தவங்கதான். மொராக்கோவுலயும் ராஜா பேருல முகமது ஆறு அகாடமி இருக்கு, 2022 வேர்ல்ட் கப்புல செமிஃபைனல் போன பெரிய டீம்ல அகெர்ட், என்-நெசிரி, உனாஹி மூணு பேரும் அங்க படிச்சவனுவ, உங்க பிள்ளையளுக்கு பிடிச்ச சபிரியும் அங்கதான்.

---

வாளையார் லோகு:

இது நல்ல விசயங்க. ஒண்ணு சேத்துக்கறேன், நம்ம பாலக்காடு மலப்புறம் பக்கம் ஒரு டீமுக்கு ஏழு பேர் ஆடற செவன்ஸ்ல ஆட வர்ற கானா, ஐவரி கோஸ்ட், லைபீரியா ஆளுங்ககிட்ட நான் பேசியிருக்கேன். ஒரு ஐவரி கோஸ்ட் பையன் சொன்னான், ஊர்ல அகாடமி செலக்சன்ல ரெண்டு தடவ கடைசி லிஸ்ட் வரைக்கும் போயிட்டு வெளிய வந்துட்டானாம். அவன் ஆட்டத்த பாத்தா நம்மாளுங்க யாரும் கிட்ட நிக்க முடியாது. அப்படிப்பட்டவனையே எடுக்காத அளவுக்கு அங்க ஆள் இருக்கு.

---

பாலக்காடு கேலரி:

கோலி, ஞாயித்துக்கெழம வெறும் பேச்சு மட்டும் வேண்டாம், பசங்க அரைமணிநேரத்துல நெளிய ஆரம்பிச்சிடுவாங்க. ஒரு ப்ரொஜெக்டர் கெடைச்சா 2025 மொராக்கோ–அர்ஜென்டினா ஃபைனல் முதல் பாதி போடுங்க, ரெண்டு கோலும் அதுலயே வந்திடும், முதல் கோல் ஃப்ரீ கிக். கோல மட்டும் பாக்காம, பந்து போனதும் அந்த முன்னாடி நாலு பேரும் எப்படி திரும்ப ஓடி வர்றாங்கன்னு நிறுத்தி நிறுத்தி காட்டுங்க. அப்புறம் அந்த அப்பாவையும் கூப்பிட்டு முன் வரிசையில உக்கார வைங்க. எங்க கிளப்புல ப்ரொஜெக்டர் இருக்கு, சனிக்கெழம சாயங்காலம் சித்தூர் வரைக்கும் எனக்கு வேலை இருக்கு, அப்படியே கொண்டாந்து குடுத்துடறேன்.

---

கொழிஞ்சாம்பாறை கோலி:

கொண்டாங்க, ஸ்பீக்கர் எங்ககிட்ட இருக்குதுங்க.