உணவு வலை சார்ட்டில் சொறிமீனை எங்கே வைப்பது?

காட்பாடி_அறிவியல்:
ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் கண்காட்சிக்குக் கடல் உணவு வலை சார்ட் போடுகிறார்கள். டயட்டம் (நுண்பாசி), துடுப்புக்காலி (அதைத் தின்னும் நுண்ணிய மிதவை உயிரி), நெத்திலி, சூரை என்று அம்புக்குறி சரியாகப் போனது. சொறிமீனில் (ஜெல்லிமீன்) வந்து நின்றுவிட்டது. "இதை எதுவும் தின்பதில்லை, சங்கிலி இதோடு முடிகிறது" என்கிறது ஒரு பழைய கையேடு. 95 சதவீதம் தண்ணீர்தானே, அதைத் தின்று என்ன ஆகப்போகிறது என்று பிள்ளைகளும் கேட்கிறார்கள். பாலாற்றையும் சார்ட்டில் சேர்க்கலாமா?

அலைவாய்:
டீச்சர், அந்தக் கையேட்டு வரியை அடித்துவிடுங்கள். அம்பு எப்போதும் இரையிலிருந்து தின்பதை நோக்கிப் போகவேண்டும். பிள்ளைகள் தலைகீழாகப் போடுவது இங்கேதான்.

சொறிமீனை நோக்கி வரும் அம்புகள் துடுப்புக்காலி, மீன் முட்டை, மீன் குஞ்சு. நெத்திலியும் மத்தியும் அதே துடுப்புக்காலியைத்தான் நம்பியிருக்கின்றன. ஆக, சொறிமீன் நெத்திலிக்குப் பங்காளி, அதன் முட்டைக்கு எமன். இதைக் கட்டாயம் காட்டுங்கள். மீனை அளவுமீறிப் பிடித்தால் மிஞ்சும் இரை சொறிமீனுக்குப் போகும். பெருகிய சொறிமீன் முட்டையைத் தின்பதால் மீன் திரும்பி வருவது கடினம். நமீபியாவில் மத்தி வீழ்ந்த பிறகு, 2006இல் வெளியான கணக்கில் சொறிமீன் 1.22 கோடி டன், மீன் 36 லட்சம் டன்.

வெளியே போகும் அம்புகள்: தோல்முதுகு ஆமை, ஆலிவ் ரிட்லி ஆமை, சூரியமீன், நம் மார்க்கெட்டில் விலை கேட்டாலே தலைசுற்றும் வெள்ளை வவ்வால். செத்து அடியில் விழுந்தாலும் வீணில்லை. நார்வேயின் ஆழமான ஃபியோர்டு (மலைகளுக்கு நடுவே நீளும் கடல் இடுக்கு) ஒன்றில் சொறிமீன் உடல்களை இறக்கிக் கேமரா வைத்தபோது, ஹேக்மீனும் (விலாங்கு போன்ற பிணந்தின்னி மீன்) நண்டும் சில மணி நேரத்தில் தின்று தீர்த்தன.

பழைய புத்தகங்கள் தவறியதற்குக் காரணம் உண்டு. மீன் வயிற்றைக் கிழித்துப் பார்த்தால் முள்ளும் செதிலும் கிடைக்கும். சொறிமீன் சீக்கிரமே கரைந்து அடையாளமில்லாமல் போய்விடும். டிஎன்ஏ சோதனையும் பென்குயின் முதுகில் கட்டிய கேமராவும் வந்த பிறகே உண்மை தெரிந்தது.

உப்புக்கல்:
தண்ணீர்க் கேள்விக்கு மேசைமேல் செய்து காட்டலாம். சைனா கிராஸ் 10 கிராம், தண்ணீர் 190 மி.லி. துண்டாக்கி அரை மணி நேரம் ஊறவைத்து, அதே தண்ணீரில் சிறு தீயில் முழுதும் கரையும்வரை காய்ச்சவும். ஊறாமல் போட்டால் கட்டி கட்டியாக நிற்கும். ஆவியான அளவுக்கு வெந்நீர் சேர்த்து மொத்தம் 200 கிராமுக்குக் கொண்டுவந்து தட்டில் ஊற்றவும். ஆறியதும் அரை செ.மீ. தடிமனில் நறுக்கி, பாலிதீன் தாளில் பரப்பி, எறும்புக்கு வலை மூடி இரண்டு நாள் வெயிலில் காயவிடவும். செய்தித்தாளில் காயவைத்தால் ஒட்டிக்கொள்ளும். கடைசியில் எடை ஏறத்தாழ அதே 10 கிராம்.

உண்மையான சொறிமீனில் இதைவிட மோசம். 200 கிராமில் உப்பே 6, 7 கிராம். சதை என்று சொல்ல 2 கிராம் தேறினால் அதிகம். நெத்திலி என்றால் தண்ணீர் போக 40 கிராம் நிற்கும். ஒரு கரண்டியில் 7 கிராம் உப்பு, பக்கத்தில் 2 கிராம் கருவாட்டுத் தூள் வைத்துவிட்டால் பிள்ளைகளே புரிந்துகொள்வார்கள். துரத்தவேண்டாம், முள் இல்லை, சீக்கிரம் செரிக்கும். அதனால் அதைத் தின்னும் ஆமை போன்றவை நிறையத் தின்று ஈடுகட்டுகின்றன. கனடாவின் அட்லாண்டிக் கரையில் கணக்கிட்டபோது தோல்முதுகு ஆமை நாளொன்றுக்குச் சராசரி 330 கிலோ தின்றது.

காட்பாடி_அறிவியல்:
ஜெலட்டின் பாக்கெட் இருக்கிறது, அது ஆகாதா?

உப்புக்கல்:
வேலூர் வெயிலில் ஆகாது மேடம். சுமார் 35 டிகிரியிலேயே இளகி ஓடும். சைனா கிராஸ் உறைந்தபின் 85 டிகிரி வரை தாங்கும்.

வயலூர்முகம்:
பாலாறு கல்பாக்கத்துக்குத் தெற்கே வயலூர் அருகில் கடலில் சேர்கிறது, அதனால் சேர்க்கலாம். ஆனால் ஆற்றங்கரைத் தோல் ஷாப் (தோல் பதனிடும் ஆலை) கழிவால் சொறிமீன் பெருகுகிறது என்று எழுதவேண்டாம். அந்தக் கழிவின் முதல் சிக்கல் உப்பும் குரோமியமும். கடலில் பாசியை வளர்ப்பது சாக்கடையிலும் உரத்திலும் வரும் நைட்ரஜனும் பாஸ்பரசும். அந்த வழியில் மட்டும் அம்பு போடுங்கள். ஆறு பெரும்பாலும் மணலாகக் கிடப்பதால், 2021 நவம்பர் போல வெள்ளம் வரும்போதுதான் அந்த நைட்ரஜனும் பாஸ்பரசும் கடல்வரை போகும் என்று பக்கத்தில் எழுதுங்கள்.

கல்பாக்கம் அணுமின் நிலையம் குளிர்விக்கக் கடல்நீர் எடுக்கும் வழியில் சொறிமீன் கூட்டம் வந்து சல்லடையை அடைப்பதுண்டு. மனிதனுக்கும் ஓர் அம்பு உண்டு: உப்பும் படிகாரமும் சேர்த்துப் பதப்படுத்தி கிழக்காசிய நாடுகளுக்கு அனுப்புகிறார்கள், 100 கிலோவுக்கு 7 முதல் 10 கிலோ தேறும். படிகாரத்தில் தோல் பதனிடும் முறை தெரிந்த ராணிப்பேட்டைப் பிள்ளைக்கு இது உடனே பிடிபடும்.

ஒன்று விட்டுப்போகிறது. சொறிமீனுக்குக் குடை வடிவம் பாதி வாழ்க்கைதான். சிப்பி ஓட்டிலோ பாறையிலோ கான்கிரீட்டிலோ சில மி.மீ. உயரத்தில் பாலிப் என்ற அதன் இன்னொரு பருவம் ஒட்டியிருக்கும். காலம் வந்ததும் அது இட்லித் தட்டு அடுக்கியதுபோல வரிவரியாகப் பிரிந்து, ஒவ்வொரு தட்டும் எட்டுக் கை நட்சத்திரமாகக் கழன்று நீந்தும். சார்ட்டின் அடியில் ஒரு சிப்பி ஓடு வரைந்து இதையும் ஒட்டிவிடுங்கள்.