தனித்துக் கிடக்கும் கடலோர ஊர் நம் மாவட்டத்தில் இருக்கிறதா? துப்பறியும் தொடர் எழுத ஒரு கேள்வி

கேள்வி: கடியபட்டணத்துக்காரன்

அனைவருக்கும் வணக்கம். கடியபட்டணத்தில் பிறந்து வளர்ந்து, இப்போது நாகர்கோவிலில் வேலை பார்க்கிறேன். ஆன் கிளீவ்ஸின் நாவல்களை வைத்து பி.பி.சி. 2013இல் தொடங்கிய ‘ஷெட்லாண்ட்’ தொடரைச் சென்ற ஆண்டு முதலிலிருந்து பார்த்தேன். ஸ்காட்லாந்துக்கு வடக்கே நடுக்கடலில் கிடக்கும் ஒரு தீவுக்கூட்டம்தான் களம். ஸ்காட்லாந்தின் அபர்டீனில் இரவுக் கப்பல் ஏறினால் தீவின் துறைமுகமான லெர்விக் போய்ச் சேரப் பன்னிரண்டு மணி நேரத்துக்குக் குறையாது. கடலிலிருந்து பனி ஏறிவிட்டால் விமானமும் இறங்காது. ஆகவே ஒரு கொலை நடந்தால், செய்தவரும் செத்தவரின் வீட்டாரும் விசாரிக்க வந்த ஜிம்மி பெரஸும் மறுநாள் காலையில் ஒரே கடையில்தான் சாமான் வாங்க வேண்டும். அந்தத் தொடரின் இறுக்கம் முழுவதும் இந்த ஒன்றிலிருந்துதான் வருகிறது என்று எனக்குத் தோன்றுகிறது.

நீரோடி முதல் ஆரோக்கியபுரம் வரை நீளும் நம் கன்னியாகுமரி மாவட்டக் கரையில் ஓர் ஊரை வைத்து இப்படியொரு தொடர்கதை எழுத வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. ஆனால் முதல் அத்தியாயத்திலேயே முட்டிக்கொண்டு நிற்கிறேன். ஷெட்லாண்டின் நிலப்பரப்பு ஏறத்தாழ 1,470 சதுர கிலோமீட்டர். நம் மாவட்டம் 1,672. பரப்பில் பெரிய வேறுபாடு இல்லை. ஆனால் அங்கே இருப்பவர்கள் சுமார் 23,000 பேர். இங்கே 2011 கணக்கெடுப்பிலேயே 18,70,374 பேர். ஒரு கடற்கரை ஊர் எங்கே முடிகிறது, அடுத்தது எங்கே தொடங்குகிறது என்று வெளியூர்க்காரருக்குத் தெரியாத அளவுக்கு வீடுகள் நெருங்கிக் கிடக்கின்றன. குற்றம் செய்தவன் பேருந்து ஏறினால் சிறிது நேரத்தில் நாகர்கோவில் கூட்டத்தில் கலந்துவிடுவான். இல்லாத ஒரு தீவைக் கற்பனை செய்து எழுதுவதா, சாலை வராத பழைய காலத்துக்குக் கதையைக் கொண்டுபோவதா? இரண்டிலும் எனக்கு மனம் ஒப்பவில்லை. எழுத்திலோ, காவல் துறையிலோ, கடல் தொழிலிலோ பழக்கமுள்ளவர்கள் வழி சொன்னால் உதவியாக இருக்கும்.

பதில்: மணக்குடி வாசகர்

தனிமை என்பதைத் தூரத்தால் மட்டும் அளக்க வேண்டியதில்லை என்று நினைக்கிறேன். ஷெட்லாண்டில் ஆட்கள் வெளியே போக முடியாது. நம் கடற்கரையில் சொற்கள் வெளியே போகாது. என் சிறுவயதில், முன்பின் தெரியாத ஒருவர் மிதிவண்டியில் வந்து ஊர் எல்லையில் சிலுவை நட்டிருக்கும் குருசடியைத் தாண்டுவதற்குள், அவர் யார் வீட்டுக்கு வருகிறார், எதற்காக வருகிறார் என்பது கடற்கரையில் வலை பின்னிக்கொண்டிருப்பவர்கள் வரை தெரிந்துவிடும். அதே ஊரில் நடந்த ஒரு சண்டையைப் பற்றி வெளியிலிருந்து வந்த அதிகாரி கேட்டபோது, நாற்காலி போட்டு உட்காரவைத்து, தேநீர் கொடுத்து, மிகுந்த மரியாதையோடு பேசி, ஒன்றுமே சொல்லாமல் அனுப்பிவைத்ததைத் திண்ணையில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். ஊர்ப் பெரியவர்களும் பங்குப் பேரவையும் பேசித் தீர்க்கக்கூடியதைக் காவல் நிலையம் வரை கொண்டுபோவதில்லை என்ற பழக்கம் பல ஊர்களில் இருந்தது. அதில் நன்மையும் உண்டு, ஆபத்தும் உண்டு. உங்கள் கதைக்கான வாசல் அந்த இடத்தில்தான் இருக்கிறது.

இன்னொன்றையும் கவனியுங்கள். பெரஸ் ஷெட்லாண்டுக்காரர்தான் என்றாலும், எல்லாவற்றிலிருந்தும் விலகிக் கிடக்கும் ஃபேர் ஐல் என்ற சிறு தீவைச் சேர்ந்தவர். அதனால் உள்ளூர்க்காரராகவும் அயலாராகவும் ஒரே நேரத்தில் நிற்கிறார். உங்கள் ஆய்வாளரைச் சென்னையிலிருந்து வரவழைக்காதீர்கள். மேற்குக் கோடியில் இருக்கும் தூத்தூர்ப் பக்கத்துப் பெண்ணைக் கிழக்கே பணிக்கு அனுப்புங்கள். மேற்கே போகப் போகப் பேச்சில் மலையாளம் ஏறும். இரண்டு வாக்கியம் பேசினாலே எந்தக் கரை என்று சொல்லிவிடும் காது நம் மக்களுக்கு உண்டு. அவர் வாயைத் திறந்தவுடன் பாதி ஊர் அவரை நம்பும், மீதிப் பாதி நம்பாது.

பதில்: ஓய்வுபெற்ற காவலர்

நடைமுறையைப் பற்றிச் சில செய்திகள் மட்டும் சொல்கிறேன். தமிழ்த் துப்பறியும் கதைகள் பெரும்பாலும் இங்கேதான் சறுக்குகின்றன.

ஓர் உடல் கரை ஒதுங்கினால் உடனே கொலை வழக்கு ஆகிவிடாது. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் 174இன் கீழும், 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 194இன் கீழும் சந்தேக மரணமாகப் பதிவாகும். பஞ்சாயத்தார் எனப்படும் உள்ளூர்ச் சாட்சிகள் முன்னிலையில் பிரேத விசாரணை நடக்கும். பிறகு உடல் ஆசாரிபள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குப் போகும். உள்ளூர்க் காவல் நிலையம் ஒரு பக்கம், நம் மக்கள் மரைன் போலீஸ் என்று சொல்லும் கடலோரப் பாதுகாப்புக் குழுமம் ஒரு பக்கம் என்று பொறுப்பு இரண்டாகப் பிரிவதும் உண்டு. கரையில் கிடக்கும் உடல் யாருடைய வழக்கு என்ற பேச்சிலேயே உங்கள் இரண்டாம் அத்தியாயத்தை நகர்த்தலாம்.

தடயத்துக்கு நம் மாவட்டம் மிக வளமானது. உயிரோடு நீரில் மூழ்கியவர் நுரையீரலுக்குள் இழுக்கும் நீரோடு டயாட்டம் என்ற நுண்பாசிகளும் உள்ளே போகின்றன. இதயத்துடிப்பு இருக்கும்வரை அவை இரத்தத்தோடு ஓடி எலும்பு மஜ்ஜை வரை சேரக்கூடும். கடல்நீரில் வாழும் வகைகள் வேறு, நன்னீரில் வாழும் வகைகள் வேறு. கடலில் கிடைத்த உடலின் மஜ்ஜையில் நன்னீர் வகைகள் இருந்தால், அந்த மனிதர் வேறெங்கோ மூழ்கியிருக்கிறார் என்ற கேள்வி எழும். பழையாறு மணக்குடியிலும், வள்ளியாறு உங்கள் கடியபட்டணத்துக்கு அருகிலும், குழித்துறைத் தாமிரபரணி தேங்காய்ப்பட்டணத்திலும் கடலில் கலக்கின்றன. ஆற்றில் செத்தவர் கடலில் கிடைப்பதற்கு மூன்று வழிகள் இருக்கின்றன என்று பொருள். ஆனால் இந்தச் சோதனை ஒன்றே முடிவான சான்று ஆகாது. மருத்துவர்களிடையே இதில் கருத்து வேறுபாடு உண்டு. ஆகவே உங்கள் ஆய்வாளர் இதைக் கையில் வைத்துக்கொண்டு உடனே யாரையும் கைது செய்ய வேண்டாம்.

மணலும் அப்படித்தான். மணவாளக்குறிச்சிக் கரையின் கரிய மணலில் இல்மனைட், மோனசைட் போன்ற கனிமங்கள் கலந்திருக்கின்றன. சட்டை மடிப்பில் தங்கிய ஒரு சிட்டிகை மணலை ஆய்வுக்கூடத்தில் பிரித்துப் பார்க்கலாம். ஒரே இடத்தை விரல் வைத்துக் காட்டாவிட்டாலும், ‘அந்தப் பக்கமே நான் போகவில்லை’ என்று சொன்னவரை மறுபடியும் கூப்பிட அது போதும்.

பதில்: தூத்தூர் ஆழ்கடல் தொழிலாளி

எழுதப்போகும் தம்பிக்கு வணக்கம். கடலில் இருப்பவனிடம் கேட்டால், கதைக்கு வேண்டிய தனிமையை இடத்தில் தேடாமல் நாளில் தேடச் சொல்வேன்.

நம் மாவட்டத்துக்கு மட்டும் இரண்டு மீன்பிடித் தடைக்காலம் வருகிறது. சின்னமுட்டத்து விசைப்படகுகளுக்குக் கிழக்குக் கடற்கரைக் கணக்கில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை. முட்டம், குளச்சல், தேங்காய்ப்பட்டணம் படகுகளுக்கு மேற்குக் கடற்கரைக் கணக்கில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை. இரண்டையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ஜூன் 1 முதல் 14 வரை இந்த மாவட்டத்தின் எந்தத் துறைமுகத்திலிருந்தும் விசைப்படகு கடலுக்குப் போகக் கூடாது. அதே நாள்களில்தான் தென்மேற்குப் பருவமழையும் ஏறி வரும். கடல் கொந்தளிப்பாக இருந்தால் வள்ளம் என்ற சிறு படகில் போகிறவர்களும் இறங்கமாட்டார்கள். மற்ற மாதங்களில் பாதி ஆண்கள் இல்லாத ஊரில், அந்தப் பதினான்கு நாளும் எல்லோரும் கரையில் இருப்பார்கள். அப்படியொரு நள்ளிரவில் விசைப்படகின் என்ஜின் சத்தம் கேட்டால், கரையில் படுத்திருக்கும் எவருக்கும் அது சாதாரணச் சத்தமாகப் படாது.

உடலைக் கண்டெடுக்கும் இடத்தையும் யோசித்து வையுங்கள். நாங்கள் நீவாடு என்று சொல்லும் நீரோட்டம் ஒரே திசையில் ஓடுவதில்லை. காற்றும் காலமும் மாறும்போது அதுவும் மாறும். எங்கே விழுந்தது, எங்கே ஒதுங்கும் என்று பழைய ஆட்கள் ஏறக்குறையச் சொல்லிவிடுவார்கள். உங்கள் ஆய்வாளர் அப்படி ஒரு முதியவரிடம் போய் உட்காரட்டும்.

ஒரு வேண்டுகோளும் உண்டு. எங்கள் ஊர்களில் ஆழ்கடலுக்குப் போனவர் ஒரு மாதத்துக்கு மேல் திரும்பாமல் இருப்பது வழக்கமான ஒன்று. ஆகவே ஒருவர் காணாமல் போயிருக்கிறார் என்பதே தாமதமாகத்தான் தெரியவரும். கதைக்கு இது பயன்படும் என்பது எனக்கும் தெரிகிறது. ஆனால் 2017 நவம்பர் 30ஆம் நாள் ஒக்கிப் புயலில் போனவர்களில் பலருடைய உடல் இன்றுவரை வீடு வந்து சேரவில்லை. உடல் கிடைக்காதவரைச் சட்டம் இறந்தவராகக் கொள்ள, பொதுவாக ஏழு ஆண்டுகள் அவரைப் பற்றிய தகவலே இல்லாமல் இருக்க வேண்டும். அந்தக் காத்திருப்பில் வாழ்ந்த பெண்கள் உங்கள் கதையைப் படிப்பார்கள். ஒக்கியைத் திருப்பத்துக்காக உள்ளே கொண்டுவராதீர்கள்.

பதில்: குளச்சல் துறைமுகப் பக்கம்

மேலே அண்ணன் சொன்ன பதினான்கு நாள் கணக்கு சரியானதுதான். ஆனால் அதில் ஓர் ஓட்டை உண்டு. நம் ஆட்கள் பலர் கொச்சியிலிருந்து போகும் படகுகளில் வேலை செய்கிறார்கள். கேரளத்தின் 52 நாள் டிராலிங் (இழுவலை மீன்பிடிப்பு) தடை ஜூன் 9 நள்ளிரவில்தான் தொடங்கும். ‘நான் ஜூன் 5ஆம் தேதி கொச்சிப் படகில் இருந்தேன்’ என்று ஒருவர் சொன்னால், அதை உடனே பொய் என்று தள்ளிவிட முடியாது. அங்கே போய்த்தான் விசாரிக்க வேண்டும்.

கேள்வி கேட்டவர்: கடியபட்டணத்துக்காரன்

எல்லோருக்கும் நன்றி. தீவைக் கைவிட்டுவிட்டேன். கதை ஜூன் 1ஆம் தேதி தொடங்கி 14இல் முடியும்; ஒரு நாளுக்கு ஓர் அத்தியாயம். ஷெட்லாண்ட் தொடர் 2016இல் வந்த மூன்றாம் பருவத்திலிருந்து ஒரு பருவம் முழுவதையும் ஒரே வழக்குக்குக் கொடுத்தது நினைவுக்கு வருகிறது. நானும் ஒரே ஒரு மரணத்தோடு நிறுத்திக்கொள்கிறேன். நமக்குத் தெரிந்த ஊரில் வாரத்துக்கொரு கொலை எழுத எனக்குக் கை வராது. தூத்தூர் அண்ணன் கேட்டுக்கொண்டதை அப்படியே ஏற்கிறேன்.

குளச்சல் நண்பர் காட்டிய ஓட்டை எனக்குப் பெரிதும் உதவியது. கொச்சிப் படகில் இருந்ததாகச் சொல்பவர் உண்மையிலேயே அங்கேதான் இருந்தார். ஆனால் அவருடைய சட்டை மடிப்பில் கரிய மணல் இருக்கிறது. அது எப்படி வந்தது என்பதை இன்னும் நான் கண்டுபிடிக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை வள்ளியாற்று முகத்துக்கு நடந்துபோய்ப் பார்த்துவிட்டு வந்து முதல் அத்தியாயத்தை இங்கே பதிகிறேன்.