எக்சிஸ்டன்ஸ்: இருப்பா, இருத்தலா, உண்மையா?

மெய்யியல் மாணவி:
பாடநூலில் எக்சிஸ்டன்ஸுக்கு ஒரு பக்கத்தில் 'இருப்பு', அடுத்த பக்கத்தில் 'இருத்தல்', வேறோர் இடத்தில் 'உளதாதல்' என்று போட்டிருக்கிறார்கள். இருப்பு என்றாலே எனக்குக் கணக்கேட்டின் கடைசி வரிதான் நினைவுக்கு வருகிறது. அந்த ஆங்கிலச் சொல்லின் வேர் என்ன, முதலில் அது எதைக் குறித்தது? தெரிந்தவர்கள் சொல்லுங்களேன்.

வேர்தேடி:
லத்தீன் வினை, எக்ஸிஸ்தெரே. 'எக்ஸ்' என்றால் வெளியே. 'ஸிஸ்தெரே' என்றால் நிறுத்துதல், நிற்றல். ஆக, வெளிப்பட்டு நிற்பது, தோன்றுவது. ரெசிஸ்ட், பெர்சிஸ்ட் எல்லாம் இதே குடும்பம். ஸ்தானம், ஸ்திரம் ஆகியவற்றில் உள்ள வடமொழி 'ஸ்தா'வும் தூரத்து உறவு. 4-ஆம் நூற்றாண்டில் ரோமானிய மெய்யியலாளர் மாரியஸ் விக்டோரினஸ் 'எக்ஸிஸ்தென்தியா'வை மெய்யியல் சொல்லாகக் கையாண்டார். பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது 14-ஆம் நூற்றாண்டின் இறுதியில்.

பழைய தமிழாசிரியர்:
வேர் சரி. ஆனால் அம்மா, தமிழில் இதற்கு ஒரு சொல்லை மட்டும் தேடினால் பெரிய விஷயம் கைநழுவிப் போகும். இருட்டில் கயிறு கிடக்கிறது என்று வையுங்கள். 'அங்கே பாம்பு இல்லை', 'அது பாம்பு அல்ல': இரண்டும் ஒன்றா? முதல் வாக்கியம் பாம்பு உண்டா என்ற கேள்விக்கான பதில். இரண்டாவதில் ஏதோ ஒன்று கிடக்கிறது என்பதை ஒப்புக்கொண்டு, அது இன்னது என்பதைத்தான் மறுக்கிறோம். உளதா என்பதற்கு ஒரு மறுப்பு, இன்னதா என்பதற்கு வேறொரு மறுப்பு! ஆங்கிலம் இரண்டையும் 'இஸ்' என்ற ஒரே வினையில் ஏற்றிவிடுகிறது. உளதாதல் ஒரு பொருளின் பண்புகளில் ஒன்றல்ல என்று ஜெர்மன் மெய்யியலாளர் காண்ட் 1781-இல் வாதாடினார். மனத்தில் எண்ணிய நூறு தாலரைவிடக் (தாலர் என்பது அன்றைய ஜெர்மன் வெள்ளி நாணயம்) கையில் உள்ள நூறு தாலரில் ஒரு காசுகூட அதிகமில்லை என்பது அவர் காட்டிய உதாரணம். இல்லை, அல்ல இரண்டையும் பிரித்தறிந்தவருக்கு அந்த வாதம் சட்டென்று பிடிபடும்.

அப்புறம் 'உண்மை'. உள் என்ற வேரோடு 'மை' சேர்ந்த சொல்; உள்ளதாம் தன்மை. சைவ சித்தாந்தத்தில் 'உயிர் உண்மை' என்று வந்தால், உயிர் என்று ஒன்று உண்டு என்பதே பொருள். வாய்மை என்ற பொருளை மட்டும் வைத்துப் படித்தால் நூலே புரியாது. எனக்கு மிகப் பிடித்த சொல் இது.

மெய்யியல் மாணவி:
ஆனால் ஐயா, பேசும்போது 'அது பாம்பு இல்லை' என்றுதானே எல்லோரும் சொல்கிறோம்?

பழைய தமிழாசிரியர்:
ஆமாம், பேச்சில் 'இல்லை' இரண்டு வேலையையும் பார்க்கிறது. எழுத்தில் 'அல்ல' இன்னும் இருக்கிறது. மெய்யியல் எழுதுகிறவர்கள் அதைக் கைவிடவே கூடாது.

பாலைவழி:
அரபியையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அங்கே இதற்கு 'வுஜூத்'. அதன் வினை 'வஜத', கண்டடைந்தான். காணக் கிடைப்பதே உள்ளது! ஒரு பொருள் என்ன என்பது வேறு, அது உண்டா என்பது வேறு என்று இடைக்கால இஸ்லாமிய மெய்யியலாளர் இப்னு சீனா பகுத்துக் காட்டியது இந்தச் சொல்லை வைத்துத்தான்.

பழைய தமிழாசிரியர்:
அருமை. மாணவிக்கு ஒன்று: பொதுவாக 'இருத்தல்' என்றே எழுதுங்கள், படிப்பவருக்கு உறுத்தாது. உண்டா இல்லையா என்ற வாதம் வரும் இடத்தில் மட்டும் 'உளதாதல்'. 'இருப்பு' கணக்கேட்டிலேயே இருக்கட்டும்.