தனிப் படகா, பெரிய படகா: எங்கள் குடும்பக் குழுவில் நடந்த பேச்சு

நான்: டால்பின் பார்க்கப் போகும் படகு விஷயத்தை இன்று முடித்துவிடலாமா? இரண்டு வழி இருக்கிறது. நாற்பது ஐம்பது பேர் ஏறும் பெரிய படகில் ஆளுக்கொரு சீட்டு வாங்குவது ஒன்று. நம் குடும்பத்துக்கு மட்டும் ஒரு சின்னப் படகை அரை நாளுக்குப் பேசிக்கொள்வது இன்னொன்று. என் ஓட்டு இரண்டாவதற்கு.

அத்தான்: அதற்குச் செலவு கூடுமே மா. பெரிய படகில் ஆட்டம் குறைவு, நிழல் இருக்கும், கழிப்பறை இருக்கும். பார்க்கப்போவது அதே கடல்தானே?

நான்: செலவு கூடத்தான் அத்தான், மறுக்கவில்லை. எல்லோரும் பங்கு போட்டால் சமாளிக்கலாம். பெரிய படகில் அடுத்த நடைக்கு ஆட்கள் காத்திருப்பார்கள், அதனால் ஒரு டால்பின் கூட்டம் கண்ணில் பட்டாலும் எல்லோரும் ஒரு பக்கம் ஓடி நாலு படம் எடுப்பதற்குள் படகைத் திருப்பிவிடுவார்கள். நமக்கு மட்டும் எடுத்த படகு என்றால் ‘அண்ணா, இன்ஜினை அணைத்துவிடுங்கள், கொஞ்ச நேரம் இங்கேயே இருப்போம்’ என்று சொல்லலாம். நான் காசு கொடுக்க நினைப்பது அதற்குத்தான்.

தம்பி: சின்னக்கா சொல்வதுதான் சரி! தனிப் படகு என்றால் நல்லா கிட்டப் போய்ப் பார்க்கலாம். ட்ரோனையும் எடுத்து வருகிறேன்.

அக்கா: கிட்டப் போவதற்கு என்றால் நானும் பாப்பாவும் வரவில்லை. முன்பு நாங்கள் போன இடத்தில் நடந்ததை உங்களிடம் முழுதாகச் சொன்னதில்லை. ஒரு டால்பின் கூட்டத்தைச் சுற்றி நாலைந்து படகுகள், எல்லாம் ஒன்றையொன்று முந்திக்கொண்டு. அவை எந்தப் பக்கம் திரும்பினாலும் அந்தப் பக்கம் ஒரு படகு நிற்கிறது. ஒரு தாய் தன் குட்டியை விலாவோடு ஒட்டி வைத்துக்கொண்டு போனது, குட்டி மூச்சு விட மேலே வரும்போதெல்லாம் தாய் படகுக்கும் குட்டிக்கும் நடுவில் வந்து நின்றது. படகில் எல்லோரும் கை தட்டினார்கள். பாப்பா என் கையைப் பிடித்துக்கொண்டு, ‘அம்மா, அது ஏன் ஓடுகிறது?’ என்று கேட்டாள்.

அம்மா: அடப் பாவமே.

மாமா: அது ஓடியதற்குக் காரணம் இருக்கிறது மா. டால்பின்களில் சில வகை, குறிப்பாகச் சுழன்று குதிக்கும் வகை, இரவெல்லாம் ஆழத்தில் மீன் வேட்டையாடிவிட்டுப் பகலில் கரையோரம் ஒதுங்கி ஓய்வெடுக்கும். நாம் தூங்குவது மாதிரி முழுத் தூக்கம் கிடையாது, மூளையின் ஒரு பாதி தூங்கும், மறு பாதி விழித்திருந்து மூச்சைப் பார்த்துக்கொள்ளும். நாம் காலையில் போய் நிற்பது அந்தத் தூக்க நேரத்தில்தான். தினமும் படகுகள் வந்து எழுப்பிக்கொண்டே இருந்தால் இரவு வேட்டைக்கு உடம்பு எங்கே இருக்கும்? இதற்காகவே ஹவாயில் 2021-ல் சட்டம் போட்டார்கள். அங்கே கரையோரத்தில் அந்த வகை டால்பினுக்கு 50 கெஜத்துக்குள், அதாவது சுமார் 45 மீட்டருக்குள், படகும் போகக் கூடாது, நீந்தியும் போகக் கூடாது.

தம்பி: 45 மீட்டர் என்றால் போன் கேமராவில் ஒன்றுமே தெரியாதே மாமா.

மாமா: போனில் தெரியாது, பைனாகுலரில் நன்றாகத் தெரியும். என்னிடம் 7 மடங்கு பெரிதாக்கும் 50 மில்லிமீட்டர் கண்ணாடி வைத்தது இருக்கிறது. படகுக்கு அதுதான் சரி. 10, 12 மடங்கு வாங்கினால் படகு ஆடும்போது காட்சியும் சேர்ந்து ஆடும், கண்ணில் ஒன்றும் நிற்காது.

சித்தி: நான் கரையில் இருந்துகொள்கிறேன். எனக்குப் படகு என்றாலே வயிற்றைப் புரட்டும், உங்கள் எல்லோருக்கும் தெரியும்.

நான்: சித்தி, நீங்கள் இல்லாமல் போவதாக இல்லை. காலையிலேயே கிளம்புகிறோம், அதுவே பாதிக் கவலையைத் தீர்த்துவிடும். வெயில் ஏற ஏறத் தரை கடலைவிட வேகமாகச் சூடாகும், மேலே எழும் காற்றின் இடத்துக்குக் கடலிலிருந்து காற்று வரும், அதனால்தான் பல கரைகளில் மதியத்துக்கு மேல் அலை எழும்புகிறது. அதற்குள் நாம் திரும்பிவிடலாம். நீங்கள் முன்பக்கம் உட்கார வேண்டாம், அங்கேதான் தூக்கிப் போடும். நடுவில், கொஞ்சம் பின்னால் தள்ளி, தாழ்ந்த இருக்கையில் உட்காருங்கள். வானமும் கடலும் சேரும் கோட்டையே பார்த்துக்கொண்டு வந்தால் போதும். காதுக்குள் இருக்கும் சமநிலை உறுப்பு ‘ஆடுகிறது’ என்கிறது, கண் போனைப் பார்த்துக்கொண்டு ‘ஆடவில்லை’ என்கிறது, அந்தச் சண்டைதான் வயிற்றுக்கு வருகிறது.

சித்தி: மாத்திரை?

நான்: உங்கள் டாக்டரிடம் கேட்டுவிட்டுப் போடுங்கள், நீங்கள் ஏற்கெனவே வேறு மாத்திரை சாப்பிடுகிறீர்கள். போடுவதென்றால் படகில் ஏறுவதற்குக் கொஞ்ச நேரம் முன்பே போட வேண்டும், புரட்ட ஆரம்பித்த பிறகு போட்டால் பெரிதாகப் பலன் இருக்காது. வெறும் வயிற்றோடும் வர வேண்டாம், வயிறு முட்டவும் சாப்பிட வேண்டாம்.

அம்மா: எனக்கு ஒரே கேள்வி. லைஃப் ஜாக்கெட் பாப்பா அளவுக்கு இருக்கிறதா? பெரியவர்களுடையதைக் குழந்தைக்கு மாட்டி இறுக்கிக் கட்டிவிட்டால் போதும் என்று யாராவது சொன்னால் நான் கேட்க மாட்டேன்.

நான்: கேட்டுவிட்டேன் அம்மா. படகுக்காரர் குழந்தைகளுக்குத் தனி அளவு வைத்திருக்கிறார், கால்களுக்கு நடுவே போகும் வாரும் இருக்கிறது. அந்த வார் இல்லாவிட்டால் தண்ணீரில் விழுந்ததும் ஜாக்கெட் மட்டும் மேலே ஏறிவிடும், பிள்ளை கீழே நழுவிவிடும். கரையிலேயே மாட்டி, தோள் பக்கம் பிடித்துத் தூக்கிப் பார்க்கப் போகிறேன். காது, தாடை வரை ஏறினால் அந்த ஜாக்கெட் வேண்டாம்.

அத்தான்: போன் சிக்னல் எவ்வளவு தூரம் வரும்?

நான்: அதை நம்பிப் போகக் கூடாது அத்தான். கரையோடும் மற்ற படகுகளோடும் பேசும் வி.எச்.எஃப் ரேடியோ படகில் இருக்கிறது. ஆபத்து அழைப்புக்கு உலகம் முழுவதும் 16-ஆம் சேனல்தான், அது வேலை செய்கிறதா என்று கிளம்பும் முன் காட்டச் சொல்லியிருக்கிறேன். அப்புறம், நாம் எந்தப் பக்கம் போகிறோம், எத்தனை மணிக்குத் திரும்புவோம் என்பதைக் கரையில் இருக்கும் ஒருவரிடம் எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் ஏற வேண்டும்.

தம்பி: சரி, கிட்டப் போக வேண்டாம். ஆனால் தூரத்தில் சும்மா நின்றால் அவை போய்விடுமே, அப்புறம் என்ன பார்ப்பது?

மாமா: சும்மா நிற்பதிலும் முறை இருக்கிறது தம்பி. நேர் எதிரே போய் வழியை மறிக்கக் கூடாது, பின்னாலேயே துரத்தவும் கூடாது. பக்கவாட்டில், அவை போகும் திசையிலேயே, அவற்றின் வேகத்துக்கு மெதுவாகப் போய், பிறகு நியூட்ரலில் போட்டுவிட வேண்டும். ஆஸ்திரேலிய வழிகாட்டுதலில் டால்பினுக்கு 50 மீட்டர், திமிங்கலத்துக்கு 100 மீட்டர், குட்டி கூட இருந்தால் இன்னும் தள்ளி நிற்க வேண்டும். பிறகு அவை தாமாகவே நம்மிடம் வந்தால் அது அவற்றின் விருப்பம். பல நேரம் வரும். தண்ணீரில் ஒலி காற்றைவிட நாலு மடங்குக்கும் மேல் வேகமாகப் போகும், நொடிக்குச் சுமார் 1,500 மீட்டர். டால்பின்கள் ஒன்றையொன்று அடையாளம் கண்டு கூப்பிட்டுக்கொள்வது விசிலில். நம் இன்ஜின் இரைச்சல் அந்தப் பேச்சின் மேல் விழுகிறது. அதை நிறுத்தினாலே நாம் அவற்றுக்குப் பெரிய மரியாதை செய்தது போல.

அக்கா: மாமா, ஆமை? பாப்பா அதைத்தான் கேட்டுக்கொண்டே இருக்கிறாள்.

மாமா: ஆமைக்கு வேகம்தான் எமன். ஆஸ்திரேலியாவில் ஆராய்ந்திருக்கிறார்கள், 2007-ல் வெளியானது. பச்சைக் கடலாமைகள் இருக்கும் ஆழமில்லாத தண்ணீரில் படகை வேறு வேறு வேகத்தில் ஓட்டிப் பார்த்தார்கள். மணிக்கு 4 கிலோமீட்டரில் போனபோது 60 சதவீத ஆமைகள் விலகிப் போயின. 19 கிலோமீட்டரில் போனபோது விலகியவை 4 சதவீதம்தான். ஆமை கண்ணால் பார்த்துத்தான் விலகுகிறது, அது பார்ப்பதற்குள் படகு மேலே வந்துவிடுகிறது. அடியில் சுற்றுவது புரொப்பெல்லர். அதனால் ஆமை மேய வரும் கடற்புல் படுகை இருக்கும் இடத்தில் நடக்கிற வேகத்துக்கு மேல் போகக் கூடாது என்று படகுக்காரரிடம் முன்கூட்டியே பேசிவிடு மா.

நான்: பேசிவிட்டேன் மாமா. அந்த இடத்தில் மெதுவாகத்தான் போவேன் என்று அவரே முதலில் சொன்னார். இவரைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணமே அவர் பேசிய விதம்தான். விசாரித்த வேறு ஒரு இடத்தில், ‘டால்பின் காட்டாவிட்டால் பணம் வாபஸ்’ என்றார்கள். அப்படி வாக்குக் கொடுத்தவர் துரத்தாமல் எப்படி இருப்பார்? இவரிடம் கேட்டபோது, ‘கடலில் அப்படி உறுதி சொல்ல முடியாதம்மா, பறவை எங்கே கூடுகிறது என்று பார்த்துப் போவோம், இருந்தால் பார்ப்போம்’ என்றார். அதைக் கேட்டதும் மனசு நிம்மதியாகிவிட்டது.

தம்பி: பறவைக்கும் டால்பினுக்கும் என்ன சம்பந்தம்?

மாமா: கீழே பெரிய மீனோ டால்பினோ துரத்தும்போது சின்ன மீன்கள் கூட்டமாக மேலே ஒதுங்கும். உடனே ஆலா என்ற கடற்பறவைகள் வந்துவிடும், காற்றில் நின்றபடி சிறகடித்துப் பார்த்து, தலைகீழாகத் தண்ணீரில் விழுந்து, மீனோடு எழும். தூரத்தில் வெள்ளை வெள்ளையாக ஓர் இடத்தில் மட்டும் பறவைகள் சுழல்வது தெரிந்தால் அதன் கீழே ஏதோ நடக்கிறது.

அத்தான்: டால்பின் வரவே இல்லை என்றால் அரை நாள் வீண்தானே? அதைத்தான் யோசிக்கிறேன்.

நான்: அப்படி நினைத்துப் போனால் வந்தாலும் திருப்தி இருக்காது அத்தான். நான் பார்க்க ஆசைப்படுவது இன்னும் நிறைய இருக்கிறது. நீர்க்காகம் பாறையில் இரண்டு சிறகையும் விரித்து அசையாமல் நிற்பதைப் பார்த்திருக்கிறீர்களா? அதன் இறகு ஓரளவு நனையும், அதனால்தான் சுலபமாக முங்க முடிகிறது, பிறகு காயவைத்தாக வேண்டும். கடற்காகத்தைப் பைனாகுலரில் கொஞ்ச நேரம் பாருங்கள், அலகின் நுனியில் ஒரு சொட்டு தொங்கும், தலையை உதறும், மறுபடியும் ஒரு சொட்டு சேரும். கடல் தண்ணீரைக் குடித்துவிட்டு, கண்ணுக்கு மேல் இருக்கும் சுரப்பி வழியாக உப்பைப் பிரித்து மூக்கு வழியே வெளியேற்றுகிறது அது. படகு பாறைத்திட்டுப் பக்கம் இன்ஜின் இல்லாமல் நின்றால்தான் இதையெல்லாம் பார்க்க முடியும், ஓடுகிற படகில் எல்லாப் பறவையும் ஒரு புள்ளிதான்.

அக்கா: கோலா மீன் பறக்குமா?

மாமா: அதிர்ஷ்டம் இருந்தால். பறப்பது என்பதைவிட, வாலால் தண்ணீரை உதைத்து எழும்பிச் சறுக்கிக்கொண்டு போகும். 2008-ல் ஜப்பானில் ஒரு படகிலிருந்து எடுத்த காட்சியில் ஒரு மீன் 45 விநாடி காற்றில் இருந்தது.

தம்பி: அதை ட்ரோனில் எடுத்தால் எப்படி இருக்கும்!

அக்கா: ட்ரோன் வேண்டாம் டா. அந்தப் பாறைத்திட்டில் பறவைகள் கூடு வைத்திருக்கும். மேலே ஏதோ சுற்றுகிறது என்று தாய்ப்பறவை எழும்பிவிட்டால் முட்டை வெயிலில் கிடக்கும், வேறு பறவை வந்து கொத்திவிட்டுப் போகும்.

தம்பி: இதை யோசிக்கவில்லை பெரியக்கா. சரி, ட்ரோன் வீட்டிலேயே இருக்கட்டும். கேமராவும் பெரிய லென்ஸும் எடுத்து வருகிறேன்.

மாமா: அப்படியே போலரைஸ்டு கண்ணாடியும் எடுத்துக்கொள். தண்ணீர் மேல் அடிக்கும் கூசலை வெட்டிவிடும், கீழே ஆமை போவதும் ஜெல்லிமீன் போவதும் தெளிவாகத் தெரியும். பாப்பாவுக்கும் ஒன்று வாங்கு.

சித்தி: வெயிலுக்கு?

நான்: முழுக்கைச் சட்டை, கழுத்தை மூடும் தொப்பி, தொப்பிக்குக் கயிறு. கிரீமை அள்ளிப் பூசுவதைவிடத் துணியால் மூடுவது நமக்கும் நல்லது, கடலுக்கும் நல்லது. பவளப்பாறைக்குக் கெடுதல் என்று ஆக்ஸிபென்சோன் என்ற ரசாயனம் கலந்த கிரீம்களின் விற்பனையை ஹவாய் 2021-லிருந்து தடை செய்திருக்கிறது, வாங்கும்போது டப்பாவின் பின்பக்கம் படித்துவிட்டு வாங்குங்கள். காற்றில் பறக்கும் பிளாஸ்டிக் பை எதுவும் படகுக்குள் வரக் கூடாது. ஆமைக்கு அதுவும் ஜெல்லிமீன் மாதிரிதான் தெரியும்.

அத்தான்: ஒன்று மட்டும் கேட்டுவிடு. அன்றைக்குக் காற்று அதிகமாக இருந்தால் என்ன செய்வது? பணம் கட்டிவிட்டோமே என்று கிளம்பிவிடக் கூடாது.

நான்: மிகவும் சரியான கேள்வி அத்தான். காற்று மணிக்கு 20 கிலோமீட்டரைத் தாண்டினாலே அலைத் தலையில் வெள்ளை நுரை அடிக்கடி தெரியும், அந்த நுரைக்கு நடுவில் டால்பின் முதுகைக் கண்டுபிடிப்பது கஷ்டம், சித்திக்கும் முடியாது. அப்படி இருந்தால் வேறு நாளுக்கு மாற்றிக்கொள்ளலாம், கூடுதல் காசு இல்லை என்று ஒப்புக்கொண்டிருக்கிறார். போவதா வேண்டாமா என்பதில் அவர் சொல்வதுதான் முடிவு, நாம் யாரும் வற்புறுத்தக் கூடாது.

அம்மா: அதை எழுத்தில் வாங்கிக்கொள்.

நான்: மெசேஜில் அனுப்பச் சொல்லியிருக்கிறேன் அம்மா, வந்ததும் இங்கே போடுகிறேன்.

அத்தான்: சரி, தனிப் படகே இருக்கட்டும். எங்கள் பங்கை இப்போதே அனுப்பிவிடுகிறேன்.

சித்தி: நடு இருக்கை எனக்கு. இப்போதே சொல்லிவிட்டேன்.

மாமா: பைனாகுலர் ஒன்றுதான் இருக்கிறது, கை மாற்றிக் கை மாற்றித்தான் பார்க்க வேண்டும். யாரிடமாவது இன்னொன்று இருந்தால் கொண்டு வாருங்கள்.

அக்கா: பக்கத்து வீட்டு அண்ணாவிடம் இருக்கிறது, கேட்டு வாங்கி வருகிறேன்.

நான்: அப்படியானால் முன்பணத்தை இன்று கட்டிவிடுகிறேன். முந்தின நாள் சாயங்காலம் காற்று நிலவரம் பார்த்துவிட்டு, கிளம்பும் நேரத்தைக் குழுவில் போடுகிறேன்.